பாலோடு ஆசிட் சேர்ந்தால் ரப்பர்: தோட்டத்து 'அல்கெமி'

'லிட்டில் அல்கெமி' விளையாடியிருக்கீங்களா? நீர், நெருப்பு, மண், காற்றுன்னு தொடங்கி, இரண்டைச் சேர்த்தால் புதுசா ஒன்று வரும். நெகிரி செம்பிலானின் ரந்தாவ், சிலியாவ், லாபு தோட்டங்களில் நம்ம தாத்தா பாட்டிகள் நிஜமாகவே ரப்பரை இப்படித்தான் செஞ்சாங்க.

விடியுமுன் பால்மரம் சீவினால் மங்கில் பால் வடியும். அதில் ரப்பர் சுமார் 30 விழுக்காடுதான். மிச்சம் பெரும்பாலும் தண்ணீர். ரப்பர் துகள்கள் ஒன்றையொன்று தள்ளிக்கிட்டே மிதக்கும். தண்ணீர் கலந்த ஃபார்மிக் ஆசிட்டை ஊற்றினால் அந்தத் தள்ளல் நின்று, பால் தயிர் மாதிரி உறையும். அப்புறம் மெஷின் உருளையில் நசுக்கி, புகைக்கூடத்தில் சில நாள் காயவைத்தால் ஷீட். கந்தகம் சேர்த்துச் சூடாக்கினால் ரப்பர் உறுதியாகும். அது 1839-இல் சார்ல்ஸ் குட்இயர் கண்டுபிடிச்சது.

கேமில் தப்பினால் மறுபடி கிளிக் பண்ணலாம். தோட்டத்தில் மழை பெய்தால் மங்கிலுள்ள பால் வீண். நாள்கூலிக் காலத்தில் அன்றைய சம்பளமும் போச்சு.