பஞ்சாயத்தார் முதல் தனி அலுவலர் வரை: கூட்டுறவு நிர்வாகக் குழுவினரின் தகுதியிழப்பு

கூட்டுறவுச் சங்கத்தின் நிர்வாகக் குழுவிலிருந்து ஒருவரை எந்தக் காரணத்துக்காக, யார் விலக்கலாம்? இந்தக் கேள்விக்குச் சென்னை மாகாணமும் பின்னர் தமிழ்நாடும் காலத்துக்குக் காலம் வெவ்வேறு விடை தந்துள்ளன. தனி உறுப்பினரைத் தகுதியிழக்கச் செய்யும் விதிகள் வரவர நுணுக்கமாயின. குழுவையே ஒட்டுமொத்தமாக நீக்கும் அதிகாரமோ அவற்றை முந்திக்கொண்டு வளர்ந்து, அந்த நுணுக்கத்தை வீணாக்கிவிட்டது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

ஃபிரடெரிக் நிக்கல்சன் ஜெர்மனியின் ரைஃபைசன் சங்கங்களை முன்மாதிரியாகக் காட்டி அறிக்கை அளித்தபின் 1904இல் கடன் சங்கச் சட்டம் பிறந்தது. அதே ஆண்டு திரூரில் முதல் சங்கம் பதிவாயிற்று. கிராமச் சங்கங்களில் உறுப்பினரின் பொறுப்புக்கு வரம்பு கிடையாது. ஒருவர் ஏமாற்றினால் ஊரே கடனாளி. எனவே ‘பஞ்சாயத்தார்’ எனப்பட்ட குழுவினரை உறுப்பினர்களே கண்காணிப்பார்கள் என்று அரசு நம்பியது. 1912ஆம் ஆண்டுச் சட்டமும் குழுவினரை நியமிப்பது, இடைநீக்கம் செய்வது, விலக்குவது ஆகியவற்றை விதிகளுக்கு விட்டுவிட்டது. பதிவாளர் கையில் சட்டம் நேரடியாகத் தந்த பெரிய ஆயுதம் சங்கத்தின் பதிவை ரத்து செய்வது. தவறியவர் ஓரிருவராக இருந்தாலும் மூடப்படுவது சங்கம். எலிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்திய கதைதான்.

1919 சீர்திருத்தத்தால் கூட்டுறவு மாகாணப் பொருளானது. 1932ஆம் ஆண்டுச் சென்னைச் சட்டம் இரண்டு புதிய வழிகளைத் திறந்தது. ஒன்று, 43ஆம் பிரிவின்படி குழுவைக் கலைப்பது. மற்றொன்று, சங்கத்துக்கு நேர்ந்த இழப்பை 49ஆம் பிரிவின்படி தவறியவரிடமே வசூலிக்கும் தண்டத்தீர்வை. பின்னது தனிமனிதப் பொறுப்பை நாடியது. முன்னது ஒட்டுமொத்தப் பொறுப்பை. இந்தப் பிளவு இன்றுவரை மறையவில்லை.

1954இல் வெளியான அகில இந்திய ஊரகக் கடன் ஆய்வுக் குழுவின் அறிக்கை, சங்கங்களில் அரசும் பங்குதாரராக வேண்டும் என்றது. பணம் போட்டவர் கணக்குக் கேட்பது இயல்பு. 1961ஆம் ஆண்டுச் சட்டத்திலும், 1988இல் நடைமுறைக்கு வந்த 1983ஆம் ஆண்டுச் சட்டத்திலும் தகுதியிழப்புக் காரணங்கள் வரிசையாக இடம்பெற்றன. நொடித்துப்போனவர், குற்றத் தண்டனை பெற்றவர், சங்கத்தோடு ஒப்பந்த ஆதாயம் உள்ளவர், சங்கத்தின் ஊதியப் பணியாளர், தவணை தவறிய கடனாளி ஆகியோர் அப்பட்டியலில் உண்டு.

இவற்றுள் கடைசிக் காரணம் தனியே பேசத் தக்கது. சங்கத்துக்குக் கடன்பட்டவர் அதன் பெட்டிச் சாவியை வைத்திருக்கக் கூடாது என்ற எண்ணம் நியாயமானதே. ஆனால் மழை பொய்த்த ஆண்டில் பயிர்க்கடன் வாங்கிய சிறு விவசாயிதான் முதலில் தவணை தவறுகிறார். வெளியே கைமாற்று வாங்கிக் கட்டி, உடனே புதுக்கடனாக எடுத்துக்கொள்ள வழியுள்ளவர் ஏட்டில் நாணயமானவராகிவிடுகிறார். ஏட்டைப் பார்க்கும் சட்டத்துக்கு மழை தெரியாது. யாருக்காகச் சங்கம் தொடங்கப்பட்டதோ அவரை வெளியே நிறுத்தும் இவ்விதியைக் கூட்டுறவு ஆய்வாளர்கள் போதிய அளவு கேள்வி கேட்கவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

1983ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி தனியொருவர் மீதான நடவடிக்கை மெல்லத்தான் நகரும். 81ஆம் பிரிவின் விசாரணை, 87ஆம் பிரிவின் தண்டத்தீர்வை, 152ஆம் பிரிவின் மேல்முறையீடு, 153ஆம் பிரிவின் சீராய்வு என்று படிகள் பல. ஒவ்வொரு படியிலும் அவர் தரப்பைக் கேட்டாக வேண்டும். குழுவைக் கலைக்கும் 88ஆம் பிரிவிலும் விளக்கம் கேட்பது கட்டாயமே. ஆனால் அரசுகள் அதற்கும் மேலே ஒரு குறுக்குவழி கண்டன. குடியரசுத் தலைவர் ஆட்சியின்போது 1976இல் வந்த தனி அலுவலர் நியமனச் சட்டம், யார் மீதும் எதையும் நிரூபிக்காமலே தேர்ந்தெடுக்கப்பட்ட குழுக்களை அகற்ற வழிசெய்தது. பரவலான தேர்தல் மறுபடி நடந்தது 1996இல்தான். 2001இல் மீண்டும் தனி அலுவலர்கள் வந்தனர்.

இந்தப் போக்குக்குக் கடிவாளமாக 97ஆம் அரசமைப்புத் திருத்தம் 2012இல் நடைமுறைக்கு வந்தது. குழுவின் பதவிக்காலம் ஐந்தாண்டு, கலைப்பு ஆறு மாதத்துக்கு மேல் நீடிக்கக் கூடாது, வங்கித் தொழில் செய்யும் சங்கமானால் ஓராண்டு என்று அது வரையறுத்தது. 2013இல் மத்தியப் பிரதேசத்தின் பன்னா மாவட்ட மத்தியக் கூட்டுறவு வங்கி வழக்கில், கலைக்கப்பட்ட குழுவை மீண்டும் பதவியில் அமர்த்தி, வெளியே இருந்த காலத்தையும் ஈடுசெய்யுமாறு உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது; அரசியல் ஆணைக்குப் பணிய வேண்டாமெனப் பதிவாளர்களை எச்சரித்தது. ஆனால் 2021 ஜூலையில் அதே நீதிமன்றம், மாநிலங்களின் ஒப்புதல் பெறப்படாததால் அத்திருத்தத்தின் கூட்டுறவுப் பகுதி பல மாநிலச் சங்கங்களுக்கு மட்டுமே செல்லும் என்று தீர்ப்பளித்தது.

அடுத்த ஜனவரியில் தமிழ்நாடு சட்டமன்றம் குழுக்களின் பதவிக்காலத்தை ஐந்திலிருந்து மூன்றாண்டாகக் குறைக்கும் மசோதாவை நிறைவேற்றியது. கடன் முறைகேடுகள் காரணமாகச் சொல்லப்பட்டன. முறைகேடு செய்தவரைத் தனித்தனியே விலக்கத் தண்டத்தீர்வையும் தகுதியிழப்பும் சட்டத்தில் இருக்க, எல்லாருடைய காலத்தையும் வெட்டுவதற்கு அது போதிய காரணமாகாது. 2018இல் தேர்வான குழுக்களின் காலம் முடிந்தபின், 2023 முதல் சங்கங்களின் பொறுப்பு மீண்டும் தனி அலுவலர்களிடமே சென்றது.