வேற்றினத்தார் மடியில் வளரும் குழந்தை

திருவையாற்றுத் தலபுராணத்தில் ஒரு வரலாறு உண்டு. வேள்விக்கென நிலத்தை உழுத சிலாத முனிவர், அங்குக் கிடைத்த பெட்டியுள் முக்கண்ணும் நாற்றோளும் உடைய மகவைக் கண்டு மருள, மூடித் திறக்குமாறு அசரீரி ஆணையிட்டது. திறந்தபோது அவ்வடையாளங்கள் மறைந்திருந்த சிசுவையே அவர் புத்திரனாக ஏற்றார் என்பர். வேற்றுமையைக் கண்டு அஞ்சும் இவ்வுள்ளமே, தத்தபுத்திரன் ஒத்த வருணத்தவனாதல் வேண்டும் என்ற சாஸ்திர விதியிலும் பேசுகின்றது. ஆயினும், இனம் கடந்த சுவீகாரத்தின் தர்ம சங்கடம் வேற்றுமையில் இல்லை, கொடுப்போருக்கும் கொள்வோருக்கும் இடையே உள்ள அதிகார ஏற்றத்தாழ்விலேயே உள்ளது என்பது என் துணிபு.

தஞ்சையின் சான்றே இதற்குப் போதும். துளஜா மன்னர் 1787இல் பத்து வயதுச் சரபோஜியைச் சுவீகரித்து மறைந்தபின், மன்னரின் சித்தம் தெளிந்திருந்ததா, பையன் ஏகபுத்திரனா, வயது கடந்தவனா என்றெல்லாம் பண்டிதர்கள் வாதித்தனர். பையனின் நலமோ அவ்வாதத்தின் பொருளாகவே இல்லை. சிற்றப்பன் முறையினரான அமர்சிங்கின் காவலில் வாடிய அச்சிறுவனுக்காக மன்றாடி, 1793இல் சென்னைக்கு அனுப்பிக் கல்வி பெறச் செய்தவர் ஜெர்மானியரான சுவார்ட்ஸ் பாதிரியார். அவரைத் தந்தையாகவே மதித்த சரபோஜி இறுதிவரை சைவ நெறியும் மராட்டியக் குலாசாரமும் வழுவாது வாழ்ந்தார் என்பது பாதிரியாரின் பெருமைக்கே சான்று. ஆனால் 1798இல் சரபோஜியை அரியணையேற்றிய ஆங்கிலக் கும்பினியார், மறு ஆண்டே உடன்படிக்கை ஒன்றினால் நாட்டின் ஆட்சியைத் தாமே எடுத்துக்கொண்டனர். தனி மனிதனின் வாத்ஸல்யம் மாசற்றதாயினும், அதன் பின்னே நின்ற வல்லரசின் லாபக்கணக்கு மாசற்றதன்று.

இதனோடு மலாயாவை ஒப்பிடுக. வறுமையாலும், பெண்மகவைப் பாரமென்று எண்ணியதாலும், ஜாதகப் பொருத்தமின்மையாலும் சீனப் பெற்றோர் கொடுத்த பெண் குழந்தைகளைத் தமிழ்க் குடும்பங்கள் எடுத்து வளர்க்க, அவர்கள் தமிழ் பேசி, சேலை உடுத்தி, தமிழர் மனைகளில் வாழ்க்கைப்பட்டனர். அங்குக் கொடுத்தவரும் கொண்டவரும் பெரும்பாலும் எளியவரே. ஒரு கூட்டத்தார் மற்றவரின் ஆட்சிக்கு உட்பட்டவரும் அல்லர். பெண்ணென்று கைவிடப்பட்ட அநீதி மட்டும் அங்கும் எஞ்சி நிற்கின்றது.

மேனாட்டார்க்கு நம் குழந்தைகள் செல்வதிலோ இந்தச் சமநிலை இல்லை. அந்நியர் தத்தெடுப்பதற்கெனத் தனிச் சட்டமின்மையால் 1890ஆம் ஆண்டின் பாதுகாவலர் சட்டத்தின் வாயிலாகவே அவர்கள் அழைத்துச் செல்லப்பட்ட காலத்தில், லட்சுமி காந்த் பாண்டே வழக்கில் உச்ச நீதிமன்றம் 1984இல் உள்நாட்டுப் பெற்றோர்க்கு முதலுரிமை அளித்தது, இன அபிமானத்தால் அன்று, இவ்வேற்றத்தாழ்வை உணர்ந்தமையால் எனக் கொள்வதே பொருந்தும். குழந்தையை ஒப்படைக்கும் தாய்க்கு 2015ஆம் ஆண்டுச் சட்டம் மறுபரிசீலனைக்கு இரண்டு மாதம் தருகின்றது. அக்காலம் வெறும் காத்திருப்பாகக் கழியாமல், பிள்ளையைத் தன்னிடமே வைத்துக்கொள்வதற்கான வழிகள் அவள் கைக்கு எட்டுமாறு செய்யப்பட்டால் மட்டுமே, அவள் மனமொப்பிக் கொடுத்தாள் என்று கூற நமக்கு உரிமை உண்டு.