தறியும் படக்கருவியும்

கல்முனைக்கு வடபால் கடலோரமாக அமைந்த மருதமுனை, கைத்தறி நெசவுக்குப் பெயர்பெற்ற ஊர் என்பது நேயர்கள் அறிந்ததே. அங்கு நெய்யப்படும் துணியைக் கண்டோர் பலர். அதற்குமுன் நூலுக்குச் சாயமேற்றிப் பாவோட்டுவோரின் உழைப்பைக் கண்டோர் சிலரே. ஒரு சமூகத்தின் வாழ்வில் எது காணத்தக்கது என்பதை யார் தீர்மானிப்பது? இவ்வினாவுக்கு விடைதரும் வரலாறு ஒன்று அமெரிக்கப் பழங்குடியினரிடையே நிகழ்ந்தது.

அரிசோனாவிலும் அதனை அடுத்த வறண்ட நிலங்களிலும் வாழும் நவஹோ மக்களுக்குச் சினிமா புதியதன்று. 1939இல் வெளிவந்த 'ஸ்டேஜ்கோச்' முதலாகப் பல படங்கள் அவர்தம் மண்ணிலே எடுக்கப்பட்டன. ஆயினும் அவற்றில் அவர்கள் வேற்றுக் குலத்தவராக வேடம் புனைந்து, குதிரைமீது பாய்ந்து, சுடப்பட்டு வீழ்வதோடு சரி. சொந்தக் கதை சொல்ல அங்கே இடமிருக்கவில்லை.

1966ஆம் ஆண்டுக் கோடையில் சோல் வேர்த், ஜோன் அடையர் என்னும் ஆய்வாளர் இருவர் பைன் ஸ்பிறிங்ஸ் என்ற சிற்றூருக்குச் சென்று, நவஹோ இளைஞர் சிலருக்கு 16 மில்லிமீற்றர் படக்கருவியை இயக்கவும் படச்சுருளை வெட்டி ஒட்டவும் கற்பித்தனர். எதைப் படமாக்குவது என்பதை அவர்களிடமே விட்டனர். அவ்வூர் முதிய வைத்தியர் ஒருவர், படமெடுப்பதால் ஆடுகளுக்குத் தீங்கு நேருமா என்று கேட்டாராம். நேராதென்றதும், நன்மையேனும் உண்டா என்றார். அதுவும் இல்லையெனவே, பின் எதற்காக இம்முயற்சி என வினவினாராம்.

அதற்கு மறுமொழி போன்று அமைந்தது சூசி பெனாலி என்ற மங்கையின் படம். தம் தாய் கம்பளம் நெய்வதையே அவர் படமாக்கினார். அயலார் எடுத்திருப்பின் தறியும் கம்பளமுமே திரையை நிறைத்திருக்கும். இப்படத்திலோ ஆட்டுமயிர் கத்தரித்தல், நூல் நூற்றல், சாயத்துக்குரிய செடிகளைத் தேடி நடத்தல் ஆகியனவே பெரும்பகுதி. நெசவு தறியில் தொடங்குவதன்று என்பதை மகள் அறிந்திருந்தார். பின்னர் ஆங்கிலம் அறியாத அத்தாய்க்கும் அவரே கருவியைக் கையாளக் கற்பித்தார். தாயும் ஒரு படம் எடுத்தார்.

1968இல் கனடாவின் தேசியத் திரைப்படச் சபையும் பழங்குடி இளைஞரின் படக்குழு ஒன்றை அமைத்தது. அவ்வாண்டு டிசெம்பரில் மோஹாக் மக்கள் பாலமொன்றை மறித்துத் தம் உரிமையைக் கேட்டபோது, அப்போராட்டம் அவர்கள் தரப்பிலிருந்தே படமாயிற்று.

2004 டிசெம்பர் 26இல் ஆழிப்பேரலை கல்முனைக் கரையைத் தாக்கியபோது, உலகம் இக்கரையை இடிபாடாகவே கண்டது. ஆயின் அந்நாளுக்கு முன்னும் பின்னும் வயலும் வலையும் தறியும் நாட்டார் கவியும் இங்கே வாழ்ந்திருக்கின்றன. இன்று படக்கருவி கைத்தொலைபேசிக்குள் அடங்கிவிட்டது. பயிற்சி கிட்டுமாயின், இவ்வூர் இளைஞரும் தம் வாழ்வைத் தாமே படமாக்கலாம். பாவோட்டும் கையின் அருமையை அக்கையருகே வளர்ந்த பிள்ளையன்றி வேறு யார் நன்கறிவார்?