ஒண்ணுக்கு ரெண்டு: தஞ்சை மண்ணில் அடமானத்தின் கதை



நம்ம கூட்டமைப்பு மலருக்கு ஒரு வரலாற்றுக் கட்டுரை வேணும்னு கேட்டாங்க. ராஜா ராணி கதை எழுதலாம்னுதான் உட்கார்ந்தேன். ஆனா சமீபத்துல நடந்த கூட்டங்கள்ல அதிகமா வந்த பேச்சு வீட்டுக்கடன் பத்தித்தான். "மாசம் எவ்வளவு டியூ வரும்?" என்று எல்லாரும் கேட்கிறோம். "மொத்தமா எவ்வளவு கட்டி முடிப்போம்?" என்று கேட்டவர்கள் ரொம்பக் குறைவு. அந்த ரெண்டாவது கேள்விக்கு நம்ம தஞ்சாவூர் மண்ணில் ஆயிரம் வருஷத்துக் கதை இருக்கு. அதையே எழுதுகிறேன். (ராஜாவும் வருவார், கொஞ்ச நேரம்.)

பெரிய கோயிலுக்கு நாம எத்தனையோ தடவை போயிருக்கோம். அந்தச் சுவர்க் கல்வெட்டுகளில் வட்டிக் கணக்கு இருக்கிறது என்று எத்தனை பேருக்குத் தெரியும்? ராஜராஜ சோழனும் அவருடைய அக்காள் குந்தவையும் மற்றவர்களும் கோயிலுக்குக் காசு கொடுத்தார்கள். அந்தக் காசு பெட்டியில் தூங்கவில்லை. சுற்றுவட்டார ஊர்ச்சபைகளுக்குக் கடனாகப் போனது. வட்டி, ஒரு காசுக்கு வருஷத்துக்கு அரைக்கால் காசு. அதாவது எட்டில் ஒரு பங்கு. இன்றைய கணக்கில் வருஷத்துக்கு 12½ சதவீதம், நம்ம பேச்சில் சொன்னால் நூத்துக்கு ஒரு ரூபா வட்டியை விடக் கொஞ்சம் கூட. சில இடங்களில் வட்டியைக் காசாக இல்லாமல் நெல்லாக அளந்தார்கள், காசுக்கு முக்குறுணி என்று.

இதில் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. அந்த ஊர்கள் அசலைத் திருப்பிக் கட்ட வேண்டியதில்லை. சந்திரன் சூரியன் உள்ளவரை வட்டி மட்டும் வந்துகொண்டே இருக்க வேண்டும். எட்டு வருஷத்தில் வட்டி அசல் அளவுக்கு வந்துவிடும். பதினாறு வருஷத்தில் அசலைப் போல இரண்டு மடங்கு வட்டியே கட்டியாகிவிடும். அசல் அப்படியே நிற்கும். கோயில் விளக்குக்கும் நைவேத்தியத்துக்கும் போட்ட தர்மக் கணக்கு அது, அதைக் குறை சொல்லவில்லை. ஆனா கடன் கொடுத்தவர் கண்ணில் "வருஷா வருஷம் என்ன வரும்" என்பதுதான் முக்கியம் என்பது அன்றைக்கே தெளிவு.

அடுத்து நம்ம பாட்டிகளின் காலத்துக்கு வருவோம். டெல்டாவில் நிலத்தின் மேல் பணம் வாங்கப் பல வழி இருந்தது. ஒத்தி, போக்கியம் என்றால் நிலத்தையோ வீட்டையோ கடன் கொடுத்தவரிடமே விட்டுவிடுவது. அவர் விளைச்சலை எடுத்துக்கொள்வார், அதுதான் வட்டி. அசலைக் கொடுத்தால் நிலம் திரும்பும். இன்னொரு வகையில் நிலம் நம்மிடமே இருக்கும், பத்திரம் எழுதி ஈடு வைப்போம், வட்டி கட்டுவோம். 1882-இல் வந்த சொத்து மாற்றுச் சட்டம் இந்த வகைகளை எல்லாம் எழுதி வைத்தது. பத்திரத்தைக் கொண்டுபோய் ஒப்படைத்தாலே அடமானம் ஆகும் என்பதும் அந்தச் சட்டத்தில்தான் இருக்கிறது. இன்றைக்கு பேங்க் வீட்டுக்கடன் பெரும்பாலும் அந்த வழியில்தான் நடக்கிறது.

போக்கியத்தில் ஒரு நல்லது இருந்தது. என்ன இழக்கிறோம் என்று கண்ணால் பார்க்கலாம். நம்ம வயல் நெல் அடுத்தவர் களத்துக்குப் போகும். பத்திர அடமானத்தில் அது தெரியாது. வட்டி கட்டத் தவறினால், வட்டியையும் அசலில் சேர்த்துப் புதுப் பத்திரம் எழுதுவார்கள். நூறு ரூபா கடன், நாலு பத்திரம் தாண்டினால் எத்தனை நூறு என்று வாங்கினவருக்கே மறந்துபோகும்.

வெள்ளைக்கார அரசாங்கத்துக்கும் இது தெரிந்திருந்தது. பிரெடரிக் நிக்கல்சன் என்ற அதிகாரி, விவசாயிகளுக்குக் குறைந்த வட்டியில் கடன் கொடுக்க வழி என்ன என்று ஆராய்ந்து 1895-லும் 1897-லும் அறிக்கை கொடுத்தார். ஜெர்மனியில் கிராமத்து ஜனங்களே சேர்ந்து நடத்திய சங்கங்களை அவர் முன்மாதிரியாகக் காட்டினார். ஊருக்குள் சேர்ந்து சேமித்து, ஊருக்குள் கடன் கொடுப்பது. நம்ம குழு மாதிரியேதான், ஆம்பளைங்க சங்கம் என்பதுதான் வித்தியாசம். 1904-இல் கூட்டுறவு கடன் சங்கச் சட்டம் வந்தது. அதே 1904-இல்தான் கும்பகோணத்தில் கும்பகோணம் பேங்க் தொடங்கியது, இன்றைய சிட்டி யூனியன் பேங்க். 1929-இல் சென்னையில் மத்திய நில அடமான பேங்க் வந்தது. ரெண்டு மூணு வருஷத்தில் அடைக்க முடியாத நிலக்கடனை நீண்ட காலத் தவணையாகக் கொடுப்பது அதன் வேலை.

ஆனா அந்த நேரம் பார்த்து உலகம் முழுக்கப் பெரும் மந்தம். நெல் விலை ஏறக்குறைய பாதியாக விழுந்தது. இதுதான் கடனின் குணம் என்று நான் நினைப்பது: நெல் விலை பாதியானால் கடன் பாதியாகாது. பத்து மூட்டை விற்று அடைக்க வேண்டிய கடனுக்கு இப்போது இருபது மூட்டை வேண்டும்.

1938-இல் ராஜாஜி மந்திரிசபை சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டுவந்தது. அதில் ஒரு விதி இருக்கு, நாம எல்லாரும் தெரிந்துகொள்ள வேண்டியது. 1932 அக்டோபருக்கு முன் வாங்கின பழைய கடனில், அசலாகவோ வட்டியாகவோ எப்படிக் கட்டியிருந்தாலும் சரி, மொத்தம் அசலைப் போல இரண்டு மடங்கு கட்டியாகிவிட்டால் கடன் தீர்ந்தது. ஒண்ணுக்கு ரெண்டு, அத்தோடு சரி. இனி வட்டி ஏறினால் 6¼ சதவீதம் என்றும் வைத்தார்கள். வட்டி அசலைத் தாண்டி வளரக் கூடாது என்பது நம்ம நாட்டுப் பழைய தர்மசாஸ்திரங்களிலேயே இருந்த எண்ணம்.

இந்தச் சட்டம் எல்லாரையும் பார்த்ததா? இல்லை. விவசாயி என்றால் விற்கக்கூடிய உரிமை நிலத்தில் இருக்க வேண்டும். நாத்து நட்டவங்க, களை எடுத்தவங்க, பண்ணையாட்கள், இவங்க கடன் அந்தக் கணக்கில் வரவில்லை. நம்மில் பல பேருடைய பாட்டிகள் அந்தச் சட்டத்துக்கு வெளியேதான் நின்றார்கள். ஆனா பெண்களைப் பற்றி ஒரு இடத்தில் பேசியது. வேறு சொத்து எதுவும் இல்லாத ஒரு பெண்ணுக்கு வர வேண்டிய கடன், அசல் 3,000 ரூபாய்க்குள் இருந்தால், அதைக் குறைக்கக் கூடாது என்று விலக்கு கொடுத்தார்கள். கைம்பெண்கள் கையில் இருந்த கொஞ்சக் காசை வட்டிக்கு விட்டுத்தான் பிழைத்தார்கள் என்பது சட்டம் எழுதியவர்களுக்கும் தெரிந்திருக்கிறது.

அப்போ நம்ம பாட்டிகளுக்கு எப்போ அடமானம் வைக்க ஒரு வீடு கிடைத்தது? அவங்க குடியிருந்த மண் மிராசுதாருடையது. கூலி அதிகம் கேட்டால், வேற பண்ணைக்குப் போனால், கூரையைப் பிரித்துவிடலாம். 1952-இல் தஞ்சாவூர் ஜில்லாவுக்கென்றே சாகுபடியாளர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. குடியிருக்கும் மனைக்கட்டே சொந்தம் என்று சொன்னது 1971-ஆம் வருஷக் குடியிருப்புச் சட்டம்தான். குடியிருந்த விவசாயத் தொழிலாளிக்கே அந்த இடம் உரிமை ஆனது. பிறகு பட்டா என்ற தாள் ஒவ்வொரு வீடாக வந்தது. எவ்வளவு போராட்டத்துக்குப் பிறகு வந்த தாள் என்பது டெல்டாக்காரங்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

அந்தத் தாளைத்தான் இப்போ பேங்க் கேட்கிறது.

2018 நவம்பர் 16 கஜா புயலில் கூரை போன வீடுகள் எத்தனை! தளம் போட்ட வீடாகக் கட்டிவிட வேண்டும் என்று அதற்குப் பிறகு எல்லாரும் முடிவெடுத்தோம். அரசாங்கம் கொடுக்கும் தொகைக்கு மேலே கைக்காசு வேணும். அதற்குக் கடன். சரி, கணக்குப் போடுவோம்.

5 லட்சம் கடன், வருஷம் 9 சதவீதம், 20 வருஷம். மாச டியூ ஏறக்குறைய 4,500 ரூபா. முதல் மாசம் கட்டும் 4,500-இல் 3,750 வட்டிக்கே போகும், அசலில் கழிவது 750. அஞ்சு வருஷம் ஒரு மாசம்கூடத் தவறாமல் கட்டினால் 2 லட்சத்து 70 ஆயிரம் கட்டியிருப்போம். அசல் குறைந்தது வெறும் 56 ஆயிரம்தான். பத்து வருஷத்தில், பாதி தூரம் வந்துவிட்டோம் என்று நினைக்கும்போது, 5 லட்சத்து 40 ஆயிரம் கட்டியாச்சு, இன்னும் 3 லட்சத்து 55 ஆயிரம் பாக்கி. கடைசியில் மொத்தம் 10 லட்சத்து 80 ஆயிரம்.

1938 சட்டக் கணக்கில் பார்த்தால், பதினெட்டரை வருஷத்தில் ஒண்ணுக்கு ரெண்டு கட்டியாகிவிடுகிறது. இன்னும் ஒன்றரை வருஷ டியூ நிற்கிறது. அந்தச் சட்டம் இன்றைய பேங்க் கடனுக்குச் செல்லாது, அது தெரிந்ததுதான். ஆனா அளவுகோலாக வைத்துப் பார்க்கலாம் இல்லையா? பேங்க் கடன் கிடைக்காமல் 14 சதவீதத்துக்குக் கொடுக்கும் கம்பெனியிடம் அதே 5 லட்சத்தை அதே 20 வருஷத்துக்கு வாங்கினால் டியூ 6,200, மொத்தம் ஏறக்குறைய 15 லட்சம். ஒண்ணுக்கு மூணு.

இதைப் படித்துவிட்டு வீட்டுக்கடனே வேண்டாம் என்று யாரும் முடிவு பண்ண வேண்டாம். இருபது வருஷம் கழித்துக் கட்டும் 4,500-க்கு இன்றைய 4,500 மதிப்பு இருக்காது, கூலியும் விலைவாசியும் ஏறியிருக்கும். வாடகையும் மிச்சம். கந்து வட்டிக்கு வாங்கிக் கட்டுவதை விட இது எத்தனையோ மேல். நான் சொல்வது, வருஷத்தைக் கூட்டினால் டியூ குறையும், கடன் கூடும் என்பதை மட்டும்தான். அதே 5 லட்சத்தை 15 வருஷத்தில் அடைத்தால் டியூ 5,070. மாசம் 570 ரூபா அதிகம். மொத்தத்தில் 1 லட்சத்து 66 ஆயிரம் மிச்சம். 20 வருஷக் கடனிலேயே வருஷத்துக்கு ஒரு டியூ கூடுதலாக, குறுவை பணம் வரும்போது கட்டினால், சுமார் மூன்றரை வருஷம் முன்னாடி முடிந்துவிடும். மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் பேங்க் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் பேங்க் சொல்லிவிட்டது.

மாறும் வட்டி என்றால் ஏறவும் ஏறும். 2022 மே மாசத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் பேங்க் ரெப்போ வட்டி 4-இலிருந்து 6½-க்குப் போனது. அதற்குச் சற்று முன் 7 சதவீதத்துக்கு 5 லட்சம் வாங்கினவருக்கு டியூ 3,876. வட்டி 9½ ஆனபோது, அசல் 4,95,000 என்றாலும் மாச வட்டியே 3,918. டியூ ஏறாமல் அப்படியே இருந்தால் கட்டுவது வட்டிக்கே பத்தாது, கட்டக் கட்டக் கடன் வளரும். பெரிய கோயில் கணக்கை விட மோசம், அங்கே அசல் நின்றாவது இருந்தது! "டியூ மாறலையே, நல்லதாப் போச்சு" என்று சந்தோஷப்பட்டவர்கள் உண்டு. வருஷம் நீண்டதைக் கவனிக்கவில்லை. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் பேங்க் இதற்கு விதி போட்டது: வட்டி மாறும்போது சொல்ல வேண்டும், டியூவை ஏற்றவா வருஷத்தை நீட்டவா என்று நம்மைக் கேட்க வேண்டும், நீட்டிப்பதால் கடன் வளரக் கூடாது.

இன்னொன்று, கடனோடு சேர்த்துத் தரும் இன்சூரன்ஸ். 20 ஆயிரம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்தால் 20 வருஷத்தில் அது 43 ஆயிரம். வேண்டுமென்றால் கையில் கட்டுங்க. "பிளாட் வட்டி 12 தான்" என்று யாராவது சொன்னால், கட்டின அசலுக்கும் சேர்த்து வட்டி போடுகிறார்கள் என்று அர்த்தம். ரெண்டு வருஷக் கடனில் அது உண்மையில் 21½ சதவீதம்.

நம்ம கூட்டமைப்பில் ஒரு அக்கா 15 வருஷம் கட்டி முடித்தாங்க. கடைசி டியூ கட்டின ரசீதைப் பத்திரமா வச்சிருந்தாங்க, அவ்வளவுதான். மகள் கல்யாணத்துக்கு முன்னாடி வில்லங்கம் போட்டுப் பார்த்தால் அடமானம் அப்படியே நின்றது. பத்திரமும் அந்த பேங்க்கிலேயே கிடந்தது. ரெண்டு மூணு பேர் சேர்ந்து போய்க் கேட்டோம். இப்போ விதி இருக்கு: 2023 டிசம்பர் 1 முதல், கடன் முடிந்த 30 நாளுக்குள் அசல் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும், பதிவில் இருக்கும் அடமானத்தையும் நீக்க வேண்டும். பேங்க் பக்கத்துத் தாமதம் என்றால் நாளுக்கு 5,000 ரூபா அவர்கள் தர வேண்டும். அக்காவுடைய கடன் அதற்கு முன்னாடி முடிந்தது, நாள் கணக்கில் பணம் எதுவும் கிடைக்கவில்லை. சார்பதிவாளர் ஆபீசில் ரசீது பதிந்து, புது வில்லங்கச் சான்று எடுத்தோம். பத்திரம் அவங்க மாமியார் பேரில் வந்த குடியிருப்பு மனைக்குரியது. மடிப்பெல்லாம் கிழிந்திருந்தது. லேமினேட் பண்ணிடலாம்னு நான் சொன்னேன், அப்படிப் பண்ணக் கூடாது, முத்திரை தெரியாமல் போயிடும்னு பதிவு ஆபீசில் சொல்லிட்டாங்க. பிளாஸ்டிக் உறையில் போட்டு எடுத்துட்டு வந்தோம்.