ஏழை படும் பாடும் அமீரின் சிறையும்

திருவண்ணாமலையில் செங்கம் சாலையை ஒட்டி, மலையடிவாரத்தில் அமைந்துள்ள ரமணாசிரமத்தை அறியாதார் இலர். அவ்வாசிரமத்துக்கும் பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு இலக்கியத்துக்கும் என்ன தொடர்பு என்று வாசகர்கள் வினவலாம். தொடர்பு ஒரு மனிதர் வழியாக வந்தது. சிவகங்கையிற் பிறந்த யோகி சுத்தானந்த பாரதியார் (1897–1990) சில காலம் அங்கே தங்கியிருந்தார். ரமணரின் வாழ்க்கையை ‘ஸ்ரீ ரமண விஜயம்’ என்னும் நூலாகத் தமிழில் எழுதினார். பின்னர்ப் பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுவைக்குச் சென்று நெடுங்காலம் வாழ்ந்தார். பிரெஞ்சு கற்ற அவர் விக்தர் ஹியூகோவின் பெருநாவலை ‘ஏழை படும் பாடு’ என்றும், மற்றொரு நாவலை ‘இளிச்சவாயன்’ என்றும் தமிழில் தந்தார்.

‘துன்பப்படுவோர்’ என்று சொல்லுக்குச் சொல் பெயர்த்திருந்தால் அந்நூலைத் தமிழர் எடுத்துப் பார்த்திருப்பார்களோ என்னவோ! ‘ஏழை படும் பாடு’ என்றதும் அது நம் தெருவுக் கதையாகிவிட்டது. 1950ஆம் ஆண்டில் கோவைப் பட்சிராஜா நிறுவனத்தார் கே. ராம்நாத்தின் இயக்கத்தில் அதைத் திரைப்படமாக்கினர். சித்தூர் நாகையா நாயகராக நடித்தார். ழாவேர் என்னும் காவல் அதிகாரியின் பாத்திரம் தமிழில் ஜாவர் ஆயிற்று. அதை ஏற்று நடித்த சீதாராமன் வாழ்நாள் முழுவதும் ‘ஜாவர்’ சீதாராமன் என்றே அழைக்கப்பட்டார். ரமணர் மறைந்ததும் அதே ஆண்டின் ஏப்ரலில்தான்.

கதையின் வித்து ஒரு ரொட்டி. ழான் வல்ழான் என்னும் மரம் தறிக்கும் ஏழை, விதவையான தமக்கையின் ஏழு குழந்தைகள் பட்டினி கிடப்பதைக் காணப் பொறுக்காமல், 1795ஆம் ஆண்டின் கடுங்குளிர்க் காலத்தில் ரொட்டிக் கடையின் கண்ணாடியை உடைத்து ஒரு ரொட்டியை எடுக்கிறான். குடியிருக்கும் வீட்டை இரவில் உடைத்துத் திருடிய குற்றத்துக்கு ஐந்தாண்டுத் தண்டனை. தப்ப முயன்றதற்கெல்லாம் சேர்த்து மேலும் பதினான்கு. பத்தொன்பது ஆண்டுகள் தூலோன் துறைமுகச் சிறையில் சங்கிலியோடு உழைத்து, 1815இல் மஞ்சள் நிறக் கடவுச்சீட்டுடன் வெளியே வருகிறான். அந்தச் சீட்டைக் கண்டவுடன் கதவுகள் அடைபடுகின்றன.

இது வெறுங் கற்பனையன்று. பிரபுக்கள் சபை உறுப்பினராயிருந்த ஹியூகோ 1846 பிப்ரவரி 22 அன்று பாரிசின் வீதியொன்றில் கண்ட காட்சியைக் குறித்து வைத்திருக்கிறார். ரொட்டி திருடியதாகச் சொல்லப்பட்ட ஒருவனைச் சிப்பாய்கள் இருவர் கொண்டு செல்கின்றனர். அருகே நின்ற குலச்சின்னம் பொறித்த வண்டியில் ஒரு சீமாட்டி குழந்தையோடு விளையாடிக் கொண்டிருக்கிறாள். அவன் அவளையே பார்க்கிறான். அவள் அவனைக் காணவேயில்லை. அவன் பார்த்ததைவிட அவள் பாராதிருந்ததே ஹியூகோவைக் கலக்கியது. நாவலை அவர் தொடங்கியிருந்ததும் அந்நாட்களில்தான்.

அன்றைய பாரிசின் நிலையையும் எண்ணிப் பார்க்க வேண்டும். 1801இல் ஏறத்தாழ ஐந்தரை இலட்சமாயிருந்த மக்கள்தொகை 1851இல் பத்து இலட்சத்தைத் தாண்டிவிட்டது. வீடும் நீரும் கழிவுநீர் வடிகாலும் அதற்கேற்பப் பெருகவில்லை. 1832இன் காலரா பாரிசில் மட்டும் பதினெட்டாயிரம் பேருக்கு மேல் கொன்றது. அந்நோயில் மாண்ட தளபதி லாமார்க்கின் இறுதி ஊர்வலத்தில் வெடித்த ஜூன் கலகமே நாவலின் தெருப்போர்க் காட்சிகளுக்கு அடிப்படை. ஆலைகளில் எட்டு வயதுக்குட்பட்ட குழந்தைகளை வேலைக்கு வைக்கலாகாது என்று சட்டம் வந்ததே 1841இல்தான். எட்டு முதல் பன்னிரண்டு வயதினர் நாளொன்றுக்கு எட்டு மணி நேரம் உழைக்கலாம் என்று அதே சட்டம் அனுமதித்தது!

ரொட்டித் திருட்டைப் படிக்கையில் நமக்கு ஹிஜ்ரி 18ஆம் ஆண்டு நினைவுக்கு வராமலிராது. சாம்பல் ஆண்டு எனப்பட்ட அப்பஞ்சத்தில் கலீஃபா உமர் (ரலி) அவர்கள் திருட்டுக்குரிய தண்டனையை நிறுத்தி வைத்தார்கள் என்பது வரலாறு. இமாம் மாலிக் அவர்களின் முவத்தாவில் இன்னொரு செய்தியும் உண்டு. ஹாத்திப் (ரலி) அவர்களின் குடும்பத்து அடிமைகள் ஓர் ஒட்டகத்தைத் திருடி அறுத்துவிட்டனர். அவர்களைப் பட்டினி போட்டதாக எஜமானரையே கடிந்துகொண்ட கலீஃபா, நானூறு திர்ஹம் பெறும் ஒட்டகத்துக்கு எண்ணூறு திர்ஹம் கொடுக்குமாறு அவருக்கு உத்தரவிட்டார்கள். திருடியவனுக்கு முன் அவனைப் பசிக்க வைத்தவனை விசாரிக்கும் இந்த நீதியைத்தான் ஹியூகோ பன்னிரு நூற்றாண்டுகள் கழித்துத் தம் நாட்டு நீதிமன்றங்களில் தேடினார்.

ஹியூகோ நமக்கு அயலாரல்லர் என்று சொல்ல வேறொரு காரணமும் உண்டு. 1858இல் அவர் எழுதி, மறு ஆண்டு வெளிவந்த கவிதை நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் இறுதி நாட்களைப் பாடுகிறது. தம்மால் தீங்குற்றவர் எவரேனும் இருந்தால் ஈடு செய்துகொள்ளுமாறு அவர்கள் மக்களிடம் கேட்பதும், ஒருவர் தமக்குச் சேர வேண்டிய சில நாணயங்களைக் கேட்டுப் பெறுவதும் அதில் கனிவோடு சொல்லப்படுகின்றன. ‘ஹிஜ்ரி ஒன்பதாம் ஆண்டு’ என்று அதற்குத் தலைப்பிட்டது பிழை. நாயகத்தின் மறைவு ஹிஜ்ரி 11இல். லாமர்த்தீன் 1854இல் எழுதிய துருக்கி வரலாற்றில் நாயகத்தைப் புகழ்ந்த பகுதியோ, மீலாது மலர்கள் பலவற்றில் ஆண்டுதோறும் மறுபதிப்பாகிறது.

இங்கேதான் எனக்கு ஒரு மனக்குறை. இந்தப் பாராட்டுகளை நாம் நற்சான்றிதழ்களைப் போல் சட்டமிட்டு மாட்டிவிட்டு, அவற்றை எழுதியவர்களின் காலத்தைப் பாராமல் விட்டுவிடுகிறோம். 1830இல் பிரான்ஸ் அல்ஜீரியாவைக் கைப்பற்றத் தொடங்கியது. பதினைந்து ஆண்டுகள் எதிர்த்துப் போரிட்ட அமீர் அப்துல் காதிர் 1847 டிசம்பரில் படைகளை நிறுத்தினார். அலெக்சாந்திரியாவுக்கோ அக்காவுக்கோ அனுப்பி வைப்பதாகத் தளபதி லாமொரிசியேர் வாக்களித்தார். மன்னர் மகனான ஆளுநரும் அதை ஏற்றார். ஆனால் கப்பல் சென்று சேர்ந்ததோ தூலோன் துறைமுகம்! ழான் வல்ழானின் அதே தூலோன். அங்கிருந்த கோட்டையில் அமீர் குடும்பத்தோடு சிறை வைக்கப்பட்டார்.

1848 பிப்ரவரியில் மன்னராட்சி கவிழ்ந்தது. குடியரசு வந்தது. அதன் தற்காலிக அரசின் வெளிநாட்டு அமைச்சர் யாரென்றால், லாமர்த்தீன்! அடிமைமுறையை ஏப்ரலில் ஒழித்த அந்த அரசு, அமீருக்குத் தந்த வாக்கை நிறைவேற்றவில்லை. அவரைத் தூலோனிலிருந்து போ நகரக் கோட்டைக்கு மாற்றியதோடு சரி. பின்பு அம்புவாஸ் கோட்டை. குழந்தைகளும் பெண்களுமாக அவருடனிருந்தோர் இருபத்தைந்து பேர் அங்கே மண்ணுக்குள் சென்றனர். 1852 அக்டோபரில் அவரை விடுவித்தவர் லூயி நெப்போலியன். ஹியூகோவை நாடு கடந்து வாழச் செய்த அதே மனிதர். நாடு கடந்திருந்த ஹியூகோ 1853இல் வெளியிட்ட கவிதையொன்றில் அமீரை உயர்த்தி, விடுவித்தவரைத் தாழ்த்திப் பாடினார்.

அதனால் அவர் அல்ஜீரியர் பக்கம் நின்றார் என்று கொண்டுவிடக் கூடாது. அல்ஜீரியப் படையெடுப்பை இருளில் உள்ள மக்களுக்கு ஒளி கொண்டு செல்வதாகவே அவர் கருதினார். அடிமைமுறை ஒழிப்பைக் கொண்டாடிய 1879ஆம் ஆண்டு விருந்திலேயே, ஆப்பிரிக்காவை எடுத்துக்கொள்ளுமாறு ஐரோப்பாவுக்கு அழைப்பு விடுத்தார். ஒரு ரொட்டிக்காகக் கண்ணீர் வடித்த பேனாவுக்கு ஒரு நாடு களவு போவது களவாகத் தெரியவில்லை. இதைச் சொல்வதால் நாவலின் பெருமை குறைந்துவிடும் என்று நான் கருதவில்லை. புகழ்ச்சியை மட்டும் கத்தரித்து ஒட்டுவதைவிட முழு மனிதரையும் படிப்பது அவருக்கும் நமக்கும் மரியாதை.

விடுதலைக்குப் பின் அமீர் புர்சாவிலும், 1855 முதல் திமிஷ்கிலும் வாழ்ந்தார். 1860இல் அந்நகரில் கிறிஸ்தவர்கள் மீது கும்பல்கள் பாய்ந்தபோது, தம் அல்ஜீரிய வீரர்களோடு தெருக்களில் இறங்கி ஆயிரக்கணக்கானோரைக் காத்தார். பிரெஞ்சுத் தூதரும் அவருடைய அடைக்கலத்தில் இருந்தார். சிறை வைத்த நாடு தன் உயரிய விருதை அனுப்பியது. ‘ஏழை படும் பாடு’ பிரெஞ்சில் வெளிவந்தது அதற்கு ஈராண்டு கழித்து, 1862இல். சரியாக நூறாம் ஆண்டில், 1962 ஜூலையில் அல்ஜீரியா விடுதலை பெற்றது. ஆகஸ்டில் புதுவையும் காரைக்காலும் சட்டப்படி இந்தியாவுடன் இணைந்தன. 1883இல் மறைந்து, திமிஷ்கில் இப்னு அரபி அவர்களின் அடக்கத்தலத்தருகே துயின்றிருந்த அமீரின் உடலை 1966இல் அல்ஜீரியர் தம் தலைநகருக்குக் கொண்டு சென்று நல்லடக்கம் செய்தனர்.