கட்டுமரமும் நெய்தலும்

நெய்தல் என்றதும் நம் விமர்சகர்களுக்கு இரங்கல் ஞாபகம் வருகிறது. உரிப்பொருளைச் சொல்லிவிட்டால் கடற்கரையைப் பற்றிப் பேசியாகிவிட்டது. திமில் எப்படிக் கட்டப்பட்டது என்று கேட்பவன் ரசனை கெட்டவன். நான் அந்தக் கேள்வியைத்தான் கேட்கிறேன், திமில் நமக்கு எட்டாதென்பதால் கட்டுமரத்தை வைத்து.

கட்டுமரத்துக்குப் படகைப் போல் குழிந்த உடல் கிடையாது. கனமில்லாத மரங்களைச் செதுக்கி, பக்கம் பக்கமாக வைத்துக் கயிற்றால் கட்டியது. ஏறிய அலை மரங்களின் இடுக்கில் வழிந்துவிடும். தண்ணீர் நிரம்பி மூழ்கும் பேச்சே இல்லை. ஆனால் மரம் நீரை உறிஞ்சிக் கனத்துப்போகும். அதனால் கரையேறியதும் கட்டை அவிழ்த்து, மரங்களைத் தனித்தனியே மணலில் காயப்போட வேண்டும். மறுபடி போகும்போது மறுபடி கட்ட வேண்டும். துறைமுகம் கேட்காத கலம். சோழமண்டலக் கரையின் அலையடிப்புக்கு இதைவிடப் பொருத்தமான ஒன்றை யாரும் செய்ததாகத் தெரியவில்லை. சோழர் கடற்படையைப் பற்றிய நம் பெருமிதத்தில் இதற்கு இடமில்லை என்பது வேறு விஷயம். சொல் மட்டும் தப்பித்தது. 1697ல் வெளியான டாம்பியரின் பயணநூலில் ஏறிய அது, இப்போது ஆங்கிலத்தில் இரட்டை உடல் கொண்ட உல்லாசப் படகைக் குறிக்கிறது.

1952ல் நார்வேயுடன் ஒப்பந்தம். மறு வருஷம் கொல்லத்தை அடுத்த நீண்டகரையில் திட்டம் தொடங்கியது. ஏழை மீனவனை உயர்த்துவது அறிவித்த நோக்கம். அறுபதுகளில் உறையவைத்த இறாலுக்கு அமெரிக்காவிலும் ஜப்பானிலும் விலை ஏற, நோக்கம் இறாலாகிவிட்டது. இறால் கரையோரத்து அடிமண்ணில் வாழ்வது. அதைத் தேடி விசைப்படகுகள் இழுவலையோடு வந்த இடம் கட்டுமரக்காரனின் கடல். விரித்த வலைகள் அறுபட்டன. குஞ்சும் பொடியும் சேர்த்து வாரப்பட்டன. எழுபதுகளின் பிற்பகுதியில் நம் கரையிலும் மோதல்கள். 1983ல் தமிழ்நாட்டில் சட்டம் வந்தது: கரையிலிருந்து 3 கடல்மைலுக்குள் விசைப்படகு மீன்பிடிக்கக் கூடாது. காகிதத்தில் கோடு போட்டாயிற்று. கடலில் யார் போடுவது?

பிறகு 2004 டிசம்பர் 26. நிவாரணமாகக் கரைக்கு வந்தவை பெரும்பாலும் ஃபைபர் படகுகள். கொடுத்தவர்களைக் குறைசொல்ல எனக்கு மனமில்லை. துடுப்பு வலிப்பதில் காவியம் எதுவுமில்லை. இளைஞன் மோட்டார்தான் கேட்பான். ஆனால் மோட்டாருக்கு எண்ணெய், எண்ணெய்க்குக் கடன், கடன் கொடுத்தவனுக்கே மீன் என்று ஆகும்போது அவன் யாருக்காகக் கடலுக்குப் போகிறான்? வாடை, கொண்டல், கச்சான் எல்லாம் அவன் பாட்டனுக்குப் போகவும் திரும்பவும் வழி. பேரனுக்கு அந்த வழி அவ்வளவாகத் தேவைப்படவில்லை.

சங்க நூல்களுக்கு உரை எழுதுகிறவர்கள் திமில் வந்த இடத்தில் ஒருவகைப் படகு என்று போட்டு மேலே போகிறார்கள். கட்டுமரத்துக்கும் இனி அப்படியே போடலாம்.