எண்பது மணி நேரப் படம்

பி. ஆடம்ஸ் சிட்னி எழுதிய ‘விஷனரி ஃபிலிம்’ 1974-இல் வெளிவந்தது. அமெரிக்கச் சோதனைப் படங்களைப் பற்றிப் பேசுகிறவர்கள் இன்றும் அந்தப் புத்தகத்தைத் தாண்டிப் போக முடியாது. அதில் இயக்குநர் கிரெகரி மார்க்கோபுலோஸுக்கு ஓர் அத்தியாயம் இருந்தது; 1979-இல் வந்த இரண்டாம் பதிப்பில் அது இல்லை. எடுத்துவிடச் சொன்னவர் மார்க்கோபுலோஸேதான். தன் படங்களையும் அதற்கு முன்பே விநியோகத்திலிருந்து திரும்பப் பெற்றுவிட்டார்.

1928-இல் அமெரிக்காவின் டொலீடோ நகரில் கிரேக்கக் குடியேறிகளின் மகனாகப் பிறந்தவர் அவர். சிறுவயதில் பேசியது கிரேக்கம். பழைய கிரேக்கக் கதைகள் கடைசிவரை அவரை விடவில்லை. ‘ட்வைஸ் எ மேன்’ (1963) படத்தில் இப்போலிடஸின் கதையை நியூயார்க்குக்குக் கொண்டுவந்தார். பின்னாளில் ஆஸ்கர் வாங்கிய ஒலிம்பியா டுகாகிஸ் அதில் நடித்திருக்கிறார்.

அந்தப் படத்தில்தான் அவருடைய முறை முழுசாகத் தெரிகிறது. மற்றவர்களுக்குப் படத்தின் அடிப்படை ஷாட். இவருக்கோ ஒற்றை ஃபிரேம். ஒரு காட்சி ஓடிக்கொண்டிருக்கும்போதே அடுத்த காட்சியின் சில ஃபிரேம்கள் குறுக்கே மின்னி மறையும். மறுபடி வரும், இன்னும் கொஞ்சம் நிற்கும், பிறகு காட்சியே மாறிவிடும். ஒருவர் பழையதை நினைப்பதைக் காட்டுவதற்குப் பதில், நினைவு வருகிற விதத்திலேயே படத்தை வெட்டினார். படத்தொகுப்பு உத்திகளில் இவ்வளவு நுட்பமானதை நான் அதிகம் கண்டதில்லை.

‘கேலக்ஸி’யில் (1966) வெட்டுமேசையும் போயிற்று. கவிஞர் ஆலன் கின்ஸ்பெர்க், எழுத்தாளர் சூசன் சோன்டாக் முதலான 33 பேரின் உருவச்சித்திரங்களின் தொகுப்பு அது. சுருளைக் கேமராவுக்குள்ளேயே பின்னுக்குச் சுற்றி, படத்தின் மேல் படம் பதித்தார். ஒரு பதிவு பிசகினால் மொத்தச் சுருளும் வீண்.

1967-இல் இளம் இயக்குநர் ராபர்ட் பீவர்ஸுடன் ஐரோப்பாவுக்குப் போய்விட்டார். படத்தை எங்கே, எப்படிப் பார்க்கிறோம் என்பதும் படத்தின் பகுதிதான் என்பதில் அவர் உறுதியாக இருந்தார். அதற்கென அவர் கண்ட இடம் கிரீஸின் ஆர்க்கேடியா மலைப்பகுதியில், தந்தைவழிப் பூர்வீகத்தோடு தொடர்புள்ள லிசரேயா கிராமம். அங்கே திறந்தவெளியில் 1980 முதல் சில கோடைகளில் படம் காட்டினார். அந்த இடத்துக்கு ‘டெமெனோஸ்’ என்று பெயரிட்டார். தெய்வத்துக்கென ஒதுக்கிய நிலத்தைப் பண்டைய கிரேக்கர்கள் அப்படி அழைத்தார்கள்.

அங்கே மட்டும் காட்டுவதற்காகவே ‘எனியாயோஸ்’ உருவானது. தன் பழைய படங்களைப் பிரித்து, ஒலியை நீக்கி, புதிதாக எடுத்தவற்றையும் சேர்த்து 22 பகுதிகளாகக் கட்டினார். மொத்தம் ஏறக்குறைய 80 மணி நேரம். பெரும்பகுதி கறுப்புத் திரையும் வெள்ளைத் திரையும். நடுநடுவே சில ஃபிரேம்கள் மட்டும் உருவம்.

படங்களை இப்படி ஒரே இடத்துக்கென ஒதுக்கியதற்கு அவர் கொடுத்த விலை பெரிது. இரண்டு தலைமுறை மாணவர்களுக்கு அவர் வெறும் பெயராகிப் போனார். அதை என்னால் எளிதாக ஏற்க முடியவில்லை. ஆனால் பார்வையாளரை இவ்வளவு மதித்த கலைஞரும் அரிது: மலையேறி வந்து, இரவு முழுக்க உட்கார்ந்து பார்ப்பார்கள் என்று அவர் நம்பினார்.

பிரதி எடுக்கப் பணம் கிடைக்காமலே 1992-இல் இறந்தார். ‘எனியாயோஸ்’ திரையில் ஓடியதை அவர் பார்க்கவில்லை. ஆயிரக்கணக்கான ஒட்டுகள் கொண்ட அந்தச் சுருள்களைப் பீவர்ஸ் சீரமைத்து, 2004-இல் முதல் பகுதிகளை லிசரேயாவில் திரையிட்டார். அதன் பிறகு சில ஆண்டுகளுக்கு ஒருமுறை, பிரதி தயாராகத் தயாராக, அடுத்த பகுதிகள் அதே வயலில் ஓடின. பல நாடுகளிலிருந்தும் ஆட்கள் வந்து, தரையில் உட்கார்ந்து பார்த்தார்கள்.